கிறுகிக் கடந்தால் வளரும்

அந்தப் படம் வெளியான நாளிலிருந்து நேர்காணலுக்கு வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் சுற்றிச் சுற்றிக் கேட்கிறார்கள். "அந்தக் காட்சியில் நீங்கள் ஏன் திரும்பிப் போனீர்கள்?" நான் வாய்க்கு வந்ததைச் சொல்லி அனுப்புவேன். ஒருவரிடம் அது இயக்குநரின் யோசனை என்றேன். இன்னொருவரிடம், அந்தக் கணத்தில் பாத்திரமாகவே மாறிவிட்டேன் என்று அளந்துவிட்டேன். மனுசன் அதையே கொட்டை எழுத்தில் தலைப்பாகப் போட்டார். உண்மையைச் சொல்வதென்றால் ஓர் அகதி முகாமிலிருந்து, ஒரு கறுப்புக் கோட்டிலிருந்து, என் தம்பியின் கால்களிலிருந்து தொடங்க வேண்டும். தேத்தண்ணி ஆறுவதற்குள் எழுந்து போகிறவர்களிடம் அதெல்லாம் சொல்கிற காரியமா?

நாங்கள் உசரமான ஆட்கள். கரைவலை இழுக்கும்போது வரிசையில் அப்பாவின் தலை மட்டும் தனியாகத் தெரியும். நானும் தம்பியும் அவரைக் கொண்டு பிறந்தோம். எங்கள் மட்டக்களப்புச் செட்டிபாளையத்தில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் குறைவு, நெட்டைக் கொக்கு என்றால்தான் தெரியும். "இவளுக்கு மாப்பிள தேடுறதெண்டா ஏணி வைச்சுத்தான் தேடணும்" என்று அம்மாவே சொல்லிச் சிரிப்பார். பிறகு என் முகம் கறுப்பதைப் பார்த்துவிட்டு, "சும்மா சொன்னன் மனே" என்று தலையில் எண்ணெய் வைத்துவிடுவார்.

கடல் வந்த காலையில் அந்த உசரம்தான் எங்களைக் காப்பாற்றியது. அம்மா வாவிக்கு அக்கரையில், படுவான்கரையில் ஒரு செத்த வீட்டுக்குப் போயிருந்தார். "கடல் கிளம்பிட்டு, ஓடுங்க, ஓடுங்க" என்று யாரோ கத்தினார்கள். நான் தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டு பிரதான வீதிப் பக்கம் ஓடினேன். பாதி வழியில் தண்ணீர் பிடித்துவிட்டது. ஒரு வேப்பமரத்தைக் கட்டிப்பிடித்து, அவனை என் தோளில் ஏற்றிக்கொண்டு நின்றேன். தண்ணீர் என் நாடி வரைக்கும் வந்தது. அதற்குமேல் வரவில்லை. எனக்குப் பின்னால் ஓடிவந்த குள்ளமான பிள்ளைகளைப் பற்றி எழுத எனக்கு இன்றைக்கும் கை வராது. அப்பா வலையடியில் நின்றவர். பிறகு கண்டெடுத்தார்கள். முகத்தை வைத்து அல்ல, உசரத்தை வைத்துத்தான் அடையாளம் சொன்னோம்.

எங்களை ஒரு பள்ளிக்கூடத்தில் இருத்தினார்கள். ஒரு வகுப்பறைக்குள் பல குடும்பங்கள், வாங்கு மேசைகளை வெளியே அடுக்கிவிட்டுத் தரையில் பாய் விரித்துப் படுத்தோம். எங்கள் இடம் கரும்பலகைக்குக் கீழே. வாசலுக்குப் போக வேண்டுமென்றால் தம்பியைத் தாண்டித்தான் போக வேண்டும். அவன் ஒரு தூங்குமூஞ்சி. விடிந்து வெயில் ஏறினாலும் அசையமாட்டான். நான் அவசரத்தில் அவனைக் கடந்து போனால் அம்மா பின்னாலிருந்து கத்துவார்.

"அடியேய், கடந்திட்டுப் போறியா? பொடியன் வளரமாட்டான்டி! கிறுகி வா! கிறுகிக் கட!"

திரும்புவதை எங்கள் பக்கத்தில் கிறுகுவது என்போம். படுத்திருக்கும் பிள்ளையை யாரும் கடந்தால் அது அத்தோடு வளராது. கடந்தவரே கிறுகி வந்து மறுதரம் கடந்துவிட்டால் பழுதில்லை, வளரும். இது எல்லா ஊரிலும் உள்ள கதைதான். ஆனால் அம்மாவுக்கு அது கதை இல்லை, சட்டம். நான் வாளியைக் கீழே வைத்துவிட்டு, முணுமுணுத்துக்கொண்டே வந்து அவனைத் திரும்பக் கடப்பேன். அவன் கண்ணைத் திறக்காமலே சிரிப்பான்.

முகாமில் கடலுக்குப் பயந்தது கொஞ்சக் காலம்தான். பிறகு வேறு பயம் வந்தது. துவக்கோடு வருகிற ஆட்கள் வரத் தொடங்கினார்கள். எந்தப் பக்கத்து ஆட்கள் என்று கேட்காதீர்கள், எங்களுக்கு எல்லாப் பக்கமும் ஒன்றுதான். சிலர் சீருடையில் வந்தார்கள், சிலர் சாரத்தோடு வந்தார்கள். வந்து பிள்ளைகளைப் பார்ப்பார்கள். சிரித்துப் பேசுவார்கள். எத்தனையாம் வகுப்பு என்று கேட்பார்கள். கேட்டுக்கொண்டே பையனை வகுப்பறை வாசலில் நிறுத்துவார்கள். அந்தக் கதவில் மேலே ஒரு இரும்புக் கொண்டி இருந்தது. எங்களுக்குப் பக்கத்துப் பாயில் இருந்த மாமியின் மகனை அப்படித்தான் நிறுத்தினார்கள். அவனுடைய தலை கொண்டிக்கு மேலே தெரிந்தது. அடுத்த கிழமை அவன் தண்ணீர் எடுக்கப் போன இடத்திலிருந்து வரவில்லை. மாமி வாளியை மட்டும் கண்டெடுத்தார்.

"வயசக் கேக்கிறதெல்லாம் சும்மா ஒப்புக்கு. உசரத்தத்தான் பாக்கிறானுகள்," என்றார் அம்மா. அன்றைக்கு மத்தியானம் முழுக்க அவர் தம்பியையே பார்த்துக்கொண்டிருந்தார். பருப்பும் சோறும் அவருடைய கோப்பையில் காய்ந்து போயின.

மறுநாள் காலையில் நான் விழித்தபோது அம்மா எழுந்து நின்றிருந்தார். சீலையைக் கணுக்காலுக்கு மேலே தூக்கிப் பிடித்தார். தூங்கிக்கொண்டிருந்த தம்பியை மெல்லக் கடந்தார். கடந்து வாசல் வரைக்கும் போனார். போனவர் கிறுகி வரவில்லை.

"அம்மா," என்றேன், "தம்பியக் கடந்திட்டீங்க. கிறுகல்ல."

"வாயைப் பொத்து," என்றார் அம்மா. பிறகு என் பக்கத்தில் குந்தி, காதுக்குள் சொன்னார்: "நீயும் கட. கிறுகி வராத. இப்பிடியே நிக்கட்டும் எண்ட பிள்ள. இதுக்கு மேல ஒரு விரற்கடை கூட வளரப்படாது."

கடல் வந்தபோதுகூட நான் அப்படிப் பயந்ததில்லை. அம்மா சொன்னால் சொன்னதுதான். நான் எழுந்து, காலைத் தூக்கி, தம்பியைக் கடந்தேன். அன்றிலிருந்து ஒவ்வொரு காலையும் அதுதான் எங்களுக்குப் பூசை. முகத்தில் தண்ணீர் தெளிக்கும் முன்னே அவனைக் கடப்போம். பகலில் அவன் எழுந்து நடந்தால் அம்மா பின்னால் போய் முதுகில் தட்டுவார். "குனிஞ்சு நட. குனிஞ்சு நட மனே." அவன் வயிற்றுவலிக்காரன் மாதிரி வளைந்து நடப்பான். அவனுக்கு எல்லாம் விளையாட்டு.

"அக்கா, நீ கடந்தாப் பலிக்காது. நீயே பனை. பனை கடந்து ஆரும் குள்ளமாகினதாக் கேள்விப்பட்டிருக்கியா?"

"வாயைப் பொத்திட்டுப் படுடா."

"நல்லாக் கடங்க, நல்லாக் கடங்க. கத்தரிக்காய் மாதிரி ஆகிறன். மறுகா சந்தையில வித்துப்போடுங்க."

நிவாரண உடுப்புகள் மூட்டை மூட்டையாக வந்த காலம் அது. எந்த ஊர்ப் புண்ணியவான்கள் அனுப்பினார்களோ, திறந்து பார்த்தால் நீச்சல் உடுப்பும் கலியாணக் கவுனும் குதி உயர்ந்த சப்பாத்தும் கிடக்கும். எனக்கு அளவான எதுவும் கிடைக்கவில்லை. கடைசியில் ஒரு கறுப்புக் கம்பளிக் கோட்டு கிடைத்தது, முழங்காலுக்குக் கீழே வரும் நீளம். பனி கொட்டுகிற நாட்டில் போடுவது. மட்டக்களப்பு வெயிலில் நான் அதைப் பாவாடைக்கு மேலே போட்டுக்கொண்டு திரிந்தேன், ஏனென்றால் என் ஒரே சட்டை தோளில் கிழிந்திருந்தது. பொடியன்கள் "லண்டன் கொக்கு போகுது" என்று கத்துவார்கள். நான் கல்லெடுத்து எறிவேன்.

மேடம் என்னை முதலில் பார்த்தது அந்தக் கோட்டோடுதான். அவர் கொழும்பில் பெரிய உடை வடிவமைப்பாளர். சிங்களமும் ஆங்கிலமும் பேசுவார், தமிழ் அவர் வீட்டுச் சமையற்காரப் பெண்ணிடம் பழகிய தமிழ். மருதமுனைக்கும் காத்தான்குடிக்கும் கைத்தறிச் சீலை எடுக்க வந்தவர், முகாமுக்குத் தையல் இயந்திரங்கள் கொடுக்க வந்து நின்றார். மத்தியானம். விறாந்தையில் ஆட்கள் வரிசையாகப் படுத்துக் கிடந்தார்கள். நான் கோட்டோடு, இடுப்பில் தண்ணீர் வாளியோடு, ஒவ்வொருவராகக் காலைத் தூக்கித் தூக்கிக் கடந்து வந்தேன். யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. எதிரில் யார் வருகிறார்கள், துவக்கோடு வருகிறார்களா என்றுதான் பார்த்தேன். அது எனக்குப் பழக்கமாகியிருந்தது.

"நில்லு," என்றார் மேடம். "அங்க போ. திரும்பவும் வா. நட."

நான் பயந்துபோனேன். என்ன பிழை செய்தேனோ என்று நினைத்தேன். போய், திரும்பி நடந்து வந்தேன்.

"ஹரி," என்றார், சிங்களத்தில் சரி என்கிற மாதிரி. "இந்த நடை ஆர் சொல்லித் தந்த?"

ஆர் சொல்லித் தருவது? என்னைக் கொழும்புக்கு அனுப்பச் சம்மதமா என்று அவர் அம்மாவிடம் கேட்டபோது, அம்மா யோசிக்கவே இல்லை. "போ," என்றார். "போய்க் காலூண்டு. மறுகா தம்பியைக் கூப்பிட்டு எடு." அவ்வளவுதான். நான் கொழும்புக்குப் போனது அழகுக்கும் இல்லை, ஆசைக்கும் இல்லை. தம்பியை எடுக்கிறதற்காகப் போனேன். அதை மறந்துவிட்டு இந்தக் கதையைப் படிக்காதீர்கள்.

கொழும்பில் மேடம் எனக்குச் சொன்ன முதல் பாடம் "நிமிர்ந்து நட." தொலைபேசியில் அம்மா சொல்வார், "தம்பியக் குனிஞ்சு நடக்கச் சொல்லிச் சொல்லி வாய் நோகுது." ஒரே வீட்டுப் பிள்ளைகள் நாங்கள். எனக்கு உசரத்துக்குச் சோறு கிடைத்தது. அவனுக்கு உசரமே வினையாகியது. எனக்குச் சிரிக்கவும் முடியவில்லை, அழவும் முடியவில்லை.

முதல் மேடையைச் சொல்கிறேன். நீளமான வெள்ளைப் பலகை. இரண்டு பக்கமும் இருட்டு, இருட்டுக்குள் கதிரைகளில் ஆட்கள். என் மேலே மட்டும் வெளிச்சம். அவர்களுக்கு என்னைத் தெரியும், எனக்கு அவர்களைத் தெரியாது. சோதனைச் சாவடியில் முகத்துக்கு நேரே டோர்ச் அடிப்பார்களே, அதேதான். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். அந்தப் பலகையின் இரண்டு பக்கமும் எனக்குப் பேய்கள்தான் உட்கார்ந்திருந்தன. என் கால் எழும்பவில்லை. அப்போதுதான் எனக்கு அந்த எண்ணம் வந்தது. பலகையின் குறுக்கே தம்பி படுத்திருக்கிறான் என்று நினைத்தேன். காலைத் தூக்கி அவனைக் கடந்தேன். ஒரு அடி. இன்னொரு தம்பி. மறுபடியும் கடந்தேன். இந்த அடியோடு நான் கடந்தால் அவன் இன்னும் கொஞ்சம் குள்ளமாக, இன்னும் கொஞ்சம் பத்திரமாக இருப்பான் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே நடந்தேன். பலகையின் முனையில் மற்றப் பெண்கள் அதே வழியில் கிறுகி வருவார்கள். நான் ஓரமாக ஒதுங்கி வந்தேன். அவனைத் திரும்பக் கடக்கக்கூடாது அல்லவா.

மேடம் அழுதுவிட்டார். என்னைக் கட்டிப்பிடித்து, "இது என்ன தெரியுமா? இது நடை இல்ல, இது பயம். அழகான பயம்," என்றார். பயத்தில் என்ன அழகு கண்டாரோ! அந்த வருசத்து உடுப்புகளை எல்லாம் அவர் என் அடிக்கு அளந்தே வெட்டினார். நான் காலைத் தூக்கும்போது கொசுவம் விரிய வேண்டும், வைக்கும்போது மூட வேண்டும். தன்னுடைய கத்தரிக்கோல் என் காலைப் பார்த்துத்தான் நகர்கிறது என்று பத்திரிகைக்காரர்களிடம் சொல்வார். என்னுடைய படம் சஞ்சிகைகளில் வந்தது. ஒவ்வொரு படம் வரும்போதும் எனக்குக் காய்ச்சல் வந்தது. ஊரில் யாரும் பார்த்துவிட்டு, "இவள்ர தம்பியும் இவளப் போல நெட்டை" என்று சொல்லிவிட்டால்?

அவனைக் கூப்பிட்டு எடுப்பது லேசான வேலை இல்லை. பஸ்ஸில் வந்தால் ஒவ்வொரு சாவடியிலும் இறக்குவார்கள். இறக்கினால் நெட்டைப் பொடியனைத்தான் முதலில் பார்ப்பார்கள். கடைசியில் மேடமே வழி சொன்னார். சீலை எடுக்க வான் வண்டி போகிறது. வரும்போது பின்னால் துணிக் கட்டுகள். கட்டுகளுக்குள்ளே அவன் படுத்து வரட்டும். வானில் தானும் வருவதாகச் சொன்னார். அவரைக் கண்டால் யாரும் அதிகம் கேட்கமாட்டார்கள்.

நானும் கூடப் போனேன். தம்பியைக் கண்டபோது அவன் குனிந்தே நின்றான். முதுகு வளைந்தே பழகிவிட்டது. மேலுதட்டில் பூனைமயிர். "என்னகா, பெரிய ஆளாகிட்டீங்க," என்று என் காதைத் திருகினான். வானின் பின்பக்கம் ஏறிச் சீலைக்கட்டுகளுக்கு நடுவே நீட்டிப் படுத்தான். மேலே துணிகளைப் பரப்பினோம். அம்மா வானுக்குள் தலையை நீட்டி, எப்படியாவது அவனைக் கிறுகிக் கடந்துவிடப் பார்த்தார். வானின் கூரை தலையில் இடித்தது, கட்டுகள் வழியை மறித்தன. அவரால் முடியவில்லை.

"ஒண்ணாதுகா," என்று மூச்சு வாங்கினார். பிறகு என் கையைப் பிடித்தார். "கொழும்பில போய் இறங்கின உடன அவனைப் படுக்கவைச்சு, நீ கிறுகிக் கட. எனக்காகவும் சேத்துக் கட. அங்க வளரட்டும். மறந்திடாத."

"மறக்கமாட்டன்."

"சத்தியம் பண்ணு."

நான் அவருடைய தலையில் கை வைத்தேன்.

மட்டக்களப்பைத் தாண்டும்வரைக்கும் ஒன்றும் நடக்கவில்லை. ஏறாவூர், வாழைச்சேனை எல்லாம் போனது. மேடம் முன் ஆசனத்தில் இருந்து கைவிசிறியால் வீசிக்கொண்டு வந்தார். துணிக்கட்டுக்குள்ளிருந்து, "அக்கா, பூஞ்சணம் பிடிச்ச மணம் மணக்குது, பட்டுச் சீலை ஒண்டாவது தந்து மூடியிருக்கப்படாதா?" என்று அவன் கிசுகிசுத்தான். நான் சிரித்தேன். சிரித்துக்கொண்டிருக்கும்போதுதான் காடு தொடங்கும் இடத்தில் ஒரு மரக்கட்டையை வீதிக்குக் குறுக்கே போட்டிருந்ததைக் கண்டேன். சீருடை இல்லை. துவக்கு இருந்தது.

மேடம் ஆங்கிலத்தில் பேசினார். பிறகு சிங்களத்தில் பேசினார். அவர்கள் அவருக்குப் பதில் சொல்லாமல் வானைச் சுற்றி வந்தார்கள். பின்கதவைத் திறந்தார்கள். எல்லாம் சீலை, எல்லாம் கட்டு. ஒருத்தன் மூடப் போனான். மூடப் போனவன் குனிந்து பார்த்தான். துணிகளின் கடைசியில் இரண்டு பாதங்கள் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. நாங்கள் மூடிய துணி போதவில்லை. அவனுடைய உசரத்துக்கு எந்தத் துணி போதும்?

"எறங்கு," என்றான் ஒருத்தன். தம்பி இறங்கினான். இறங்கியவன் வழக்கம்போல் குனிந்து நின்றான். அந்த ஆள் துவக்கின் முனையால் அவன் நாடியை உயர்த்தினான். தம்பி நிமிர்ந்தான். மெல்ல, முதுகு நெறுநெறுக்க, முழுதாக நிமிர்ந்தான். கடவுளே, என்னைவிட உசரமாக இருந்தான்! அப்பாவைவிட உசரமாக இருந்தான். இத்தனை காலம் நானும் அம்மாவும் கடந்ததெல்லாம் வீண். அவன் எங்களுக்குத் தெரியாமல், குனிந்துகொண்டே வளர்ந்திருக்கிறான்.

"நல்ல வாட்டசாட்டம்," என்றான் அந்த ஆள்.

நான் ஓடிப்போய்த் தம்பியைப் பிடித்தேன். அழுதேன், காலில் விழுந்தேன், எல்லாம் செய்தேன். மேடமும் கத்தினார். யாருடைய பேச்சு எங்கே எடுபடப் போகிறது. தம்பி என்னைப் பார்த்து, "அக்கா, பயப்பிடாத. அம்மாட்டச் சொல்லு, அவ கடந்தது பலிக்கல்ல எண்டு," என்றான். சிரிக்கப் பார்த்தான், வாய் கோணியது. அவனை மரங்களுக்கிடையில் கூட்டிப் போனார்கள். புதருக்கு மேலே அவனுடைய தலை மட்டும் கொஞ்ச நேரம் தெரிந்தது. பிறகு அதுவும் தெரியவில்லை.

அதற்குப் பிறகும் நான் மேடையில் நடந்தேன். நடக்கத்தானே வேண்டும், அம்மா சாப்பிட வேண்டும், தம்பியைப் பற்றிக் கேட்காத இடமெல்லாம் போய்க் கேட்டுவர வேண்டும். ஆனால் என் கால் தூக்குப்படவில்லை. தம்பியைக் கடப்பதாக நினைக்கப் போனால் அவன் எங்கே எப்படிப் படுத்திருக்கிறானோ என்ற பயம் வந்தது. நிலத்தோடு தேய்த்துத் தேய்த்து நடந்தேன். "உண்ட நடை எங்க?" என்று மேடம் கேட்டார். கால் நோகிறது என்றேன். அவரும் அந்த வானில் இருந்தவர். ஆனால் என் நடைக்கும் தம்பிக்கும் உள்ள தொடுப்பு அவருக்குத் தெரியாது. நான் சொல்லவில்லை, சொன்னால் அதையும் ஒரு உடுப்பாக வெட்டிவிடுவாரோ என்று பயம்.

யுத்தம் முடிந்தது என்றார்கள். பிடிபட்டவர்களை, சரணடைந்தவர்களைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டார்கள். பஸ்கள் வந்து நிற்கும் இடமெல்லாம் அம்மா போய் நின்றார். முன்பு உசரத்துக்குப் பயந்த மனுசி, இப்போது இறங்குகிறவர்களில் உசரமானவர்களை மட்டும் தேடினார். குள்ளமானவன் இறங்கினால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவன் இறங்கவில்லை. எங்களுக்குப் புது வீட்டுத் திட்டத்தில் வீடு கட்டிக்கொடுத்தார்கள். மேசன் வாசல் நிலையை வைத்தபோது அம்மா அவரோடு பெரிய சண்டை. "ஏத்தி வை. இன்னும் ஏத்தி வை. எண்ட மகன் வந்தாக் குனிஞ்சு வரப்படாது." மேசன் தலையில் அடித்துக்கொண்டு ஏற்றி வைத்தார். செட்டிபாளையத்தில் அவ்வளவு உசரமான வாசல் வேறு எந்த வீட்டிலும் இல்லை. சனம் பார்த்துச் சிரித்தது. அம்மா காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அந்தக் காலத்தில்தான் படம் வந்தது. இயக்குநர் கொழும்புத் தமிழர். என்னை ஒரு மேடையில், நான் கால் தேய்த்து நடந்ததைப் பார்த்திருக்கிறார். யுத்தத்தின் கடைசியில் தன் ஆளைத் தேடித் திரியும் ஒருத்தியாக நடிக்கச் சொன்னார். உடுப்புக்குப் பொறுப்பு மேடம். எனக்கு நடிக்கத் தெரியாது என்றேன். "நடிக்க வேண்டாம், நடந்தால் போதும்," என்றார். படப்பிடிப்பு பாசிக்குடாப் பக்கம், கடலுக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு மணல்வெளியில். அயலூர்ச் சனங்களைச் செத்தவர்களாகப் படுக்கப் போட்டிருந்தார்கள். ஆம்பிளை, பொம்பிளை, பிள்ளைகள். முகத்தில் சிவப்புச் சாயம். வெயிலில் எல்லோரும் கண்ணை மூடிக் கிடந்தார்கள்.

"இவர்களைக் கடந்து நேரே தண்ணீர் வரைக்கும் போங்கள். கீழே பார்க்க வேண்டாம். நிற்க வேண்டாம்," என்றார் இயக்குநர்.

நடிப்புத்தானே, எழும்பிச் சோற்றுப் பார்சல் வாங்கப் போகிறவர்கள்தானே என்று எனக்கு நானே சொன்னேன். மனம் கேட்கவில்லை. காமெரா ஓடத் தொடங்கியது. நான் காலைத் தூக்கினேன். ஒரு கிழவரைக் கடந்தேன். ஒரு பெண்ணைக் கடந்தேன். என் பழைய அடி திரும்பி வந்துவிட்டது, எனக்கே தெரிந்தது. ஒவ்வொருவராகக் கடந்துபோய் ஒரு பையனைக் கடந்தேன். பன்னிரண்டு, பதின்மூன்று வயது இருக்கலாம். மெலிந்த, நீண்ட கால்கள். அவனைக் கடந்து அடுத்த அடி வைக்கப்போனபோது கீழேயிருந்து சத்தம் வந்தது. உதடு அசையாமல், கண் திறக்காமல் பிணம் பேசியது.

"அக்கா, கிறுகிக் கடந்திட்டுப் போங்கக்கா. நான் வளரணும்."

நான் நின்றுவிட்டேன்.

வளரணும் என்கிறான்! எங்கள் மண்ணில் ஒரு பொடியன் பயமில்லாமல் வளரணும் என்று கேட்கிறான். நிற்க வேண்டாம் என்று சொன்னதெல்லாம் எங்கேயோ போய்விட்டது. நான் கிறுகினேன். காலைத் தூக்கி அவனைத் திரும்பக் கடந்தேன். அதோடு விட்டிருக்கலாம். எனக்கு விட முடியவில்லை. அந்தப் பெண்ணைத் திரும்பக் கடந்தேன். கிழவரைத் திரும்பக் கடந்தேன். வந்த வழியெல்லாம், கடந்தவர் ஒருவரையும் விடாமல், அழுதுகொண்டே கிறுகிக் கடந்தேன். காமெராக்காரர் அதையும் நடிப்பு என்று நினைத்து நிறுத்தாமல் எடுத்தார். இயக்குநர் ஏசுவார் என்று பார்த்தேன், மனுசன் நிறுத்தச் சொல்லவே இல்லை. மேடம் ஓடிவந்து என்னைத் தாங்கினார். அப்போதுதான் அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் மணலில் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

பிறகு அந்தப் பையன் எழுந்து மணலைத் தட்டிக்கொண்டு நின்றான். என் தோளுக்கு வந்தான்.

படத்தை அம்மா தொலைக்காட்சியில்தான் பார்த்தார். நான் பக்கத்தில் இருந்தேன். அந்தக் காட்சி வந்தது. பெட்டிக்குள் நான் போகிறேன், நிற்கிறேன், கிறுகி வருகிறேன். அந்தப் பையனின் சத்தம் படத்தில் இல்லை, பின்னால் சேர்த்த கடல் சத்தம்தான் இருந்தது. ஆனால் அம்மாவுக்கு யாரும் எதையும் விளங்கப்படுத்த வேண்டியிருக்கவில்லை.

"அந்தப் பொடியனை மட்டுந்தான் கிறுகிக் கடந்தியா மனே, எல்லாரையும் கடந்தியா?"

"எல்லாரையுந்தான்."

"ஒருத்தரும் விடுபடல்லையே?"

"இல்லம்மா. எல்லாரையும் கடந்திட்டன்."

அம்மா எங்கள் உசர வாசலைப் பார்த்தார்.

"அப்ப வளரட்டும்," என்றார்.